வர்ஜீனியா இராணுவ மாவட்ட நில வழக்குகள்

வர்ஜீனியா இராணுவ மாவட்டம் என்பது ஐக்கிய அமெரிக்காவின் ஒகையோ மாநிலத்தில், சயோட்டோ ஆற்றுக்கும் லிட்டில் மயாமி ஆற்றுக்கும் இடையே அமைந்த, ஏறத்தாழ 42 லட்சம் ஏக்கர் பரப்புள்ள நிலப்பகுதியாகும். அமெரிக்க விடுதலைப் போரில் பணியாற்றிய வர்ஜீனியாப் படைவீரர்களுக்கு ஊதியத்துக்கு ஈடாகவும் பரிசாகவும் நிலம் வழங்குவதற்கென இப்பகுதி 1784 ஆம் ஆண்டில் ஒதுக்கப்பட்டது. 'மாவட்டம்' என்ற பெயர் இருந்தபோதிலும் இது ஆட்சிப் பிரிவு அன்று. நில வழங்கலுக்காக வகுக்கப்பட்ட ஓர் எல்லை மட்டுமே. இன்று இப்பகுதி முழுமையாகவோ பகுதியாகவோ 23 கவுன்ட்டிகளில் பரவியுள்ளது.

இந்நிலம் தொடர்பாக எழுந்த வழக்குகள் ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு காலம் அமெரிக்க நீதிமன்றங்களில் நடைபெற்றன. அவற்றுள் பல அந்நாட்டின் உச்ச நீதிமன்றம் வரை சென்றன. அரசு நிலம் தனியார் கைக்கு மாறும்போது பட்டா, அளவை, எல்லை ஆகியவை எவ்வாறு மதிப்பிடப்பட வேண்டும் என்பது பற்றிய அமெரிக்கச் சட்ட விதிகளில் கணிசமான பகுதி இவ்வழக்குகளில் உருவானதே.

பின்னணி

போர் தொடங்கிய காலத்தில் வர்ஜீனியா அரசிடம் பணம் குறைவாகவும் நிலம் மிகுதியாகவும் இருந்தன. வர்ஜீனியா தன் எல்லை மேற்கே மிசிசிப்பி ஆறு வரை நீள்வதாக உரிமை கொண்டாடியது. படையில் சேருவோருக்கும், சேர்ந்தவர் விலகாமல் இருப்பதற்கும் நிலம் தருவதாக வாக்களிப்பது எளிய வழியாகத் தோன்றியது. 1779 இல் இயற்றப்பட்ட சட்டத்தின்படி மூன்று ஆண்டுகள் பணியாற்றிய சாதாரண வீரருக்கு 100 ஏக்கரும், காப்டனுக்கு 3,000 ஏக்கரும், கர்னலுக்கு 5,000 ஏக்கரும் உரியவை. பின்னர் படைத்தலைவர்களான ஜெனரல்களுக்கு 10,000 முதல் 15,000 ஏக்கர் வரை வழங்க முடிவு செய்யப்பட்டது. போர் முடியும் வரை பணியாற்றிய அதிகாரிகளுக்கு மூன்றில் ஒரு பங்கு கூடுதலாகக் கிடைத்தது. சாதாரண வீரருக்கும் கர்னலுக்கும் இடையே ஐம்பது மடங்கு வேறுபாடு இருந்ததை இங்கே கவனிக்க வேண்டும்.

முதலில் ஒதுக்கப்பட்ட நிலம் இன்றைய கென்டக்கி மாநிலத்தின் தென்மேற்கில், கிரீன் ஆற்றை ஒட்டி இருந்தது. அங்கு நல்ல நிலம் போதாமற் போனால் ஒகையோ ஆற்றின் வடமேற்கே நிலம் தரப்படும் என்று உறுதியளிக்கப்பட்டது. 1784 மார்ச் 1 அன்று வர்ஜீனியா தன் வடமேற்கு நிலங்களை ஐக்கிய அமெரிக்காவுக்கு ஒப்படைத்தபோது, ஒப்படைப்புப் பத்திரத்திலேயே இந்த நிபந்தனையைச் சேர்த்துவிட்டது. அதாவது நிலத்தின் உரிமை நடுவண் அரசுக்குச் சென்றது; அதன்மீது படைவீரர்களுக்கு இருந்த முன்னுரிமை நிலைத்தது. பிற்கால வழக்குகளுக்கெல்லாம் இந்த இரட்டை நிலையே வேராகும்.

ஆனால் அந்நிலம் ஆளில்லா நிலம் அன்று. சாவ்னி முதலிய பழங்குடி மக்கள் அங்கு ஊர்கள் அமைத்து வாழ்ந்தனர். மாவட்டத்தின் முதன்மை நகரான சில்லிகாத்தியின் பெயரே சாவ்னி மொழியிலிருந்து வந்தது. வர்ஜீனியா நிலத்தை 'ஒப்படைத்தபோது' இம்மக்களின் ஒப்புதலைக் கேட்டதில்லை. 1794 ஆம் ஆண்டுப் போரில் தோல்வியுற்ற பின்னர், 1795 ஆம் ஆண்டு கிரீன்வில் உடன்படிக்கையின் மூலமே தென்பகுதி அவர்களிடமிருந்து பெறப்பட்டது. உடன்படிக்கைக் கோட்டுக்கு வடக்கே இருந்த பகுதி மேலும் இருபதாண்டுகளுக்கு மேல் குடியேற்றத்துக்குத் திறக்கப்படவில்லை. நீதிமன்றங்களில் ஒருவரோடொருவர் வழக்காடிய எவரும் இம்மக்களின் உரிமையை ஒரு வாதமாக எடுக்கவில்லை என்பது குறிப்பிடத்தக்கது.

சீட்டிலிருந்து பட்டா வரை

வீரர் ஒருவர் நிலம் பெறுவதற்கு நான்கு படிகளைக் கடக்க வேண்டியிருந்தது. முதலில் தம் படைப்பணிக்குச் சான்று காட்டி, ரிச்மண்டில் இருந்த வர்ஜீனியா நில அலுவலகத்திடம் ஒரு வாரண்ட் பெற வேண்டும். இந்த வாரண்ட், இத்தனை ஏக்கர் பெற உரியவர் என்று மட்டுமே கூறும்; எந்த நிலம் என்று கூறாது. இரண்டாவதாக, விரும்பிய இடத்தைத் தேர்ந்து, தலைமை நில அளவரின் பதிவேட்டில் அதன் அடையாளங்களை எழுதிவைக்க வேண்டும். இது இடப்பதிவு எனப்பட்டது. மூன்றாவது, துணை நில அளவர் ஒருவர் நிலத்தை அளந்து வரைபடத்துடன் ஒப்படைத்தல். நான்காவது, அமெரிக்கக் குடியரசுத் தலைவரின் பெயரில் வழங்கப்படும் பட்டா. நம் நாட்டில் பட்டா என்பது வருவாய்த் துறையின் பதிவு ஆவணமே. அமெரிக்கப் பட்டாவோ அரசு தன் உரிமையையே மாற்றித் தரும் மூல ஆவணம்.

தலைமை நில அளவராக ரிச்சர்டு கிளஃப் ஆண்டர்சன் என்னும் படை அதிகாரி நியமிக்கப்பட்டு, 1784 இல் கென்டக்கியில் லூயிவில் அருகே அலுவலகம் திறந்தார். 1826 இல் அவர் இறக்கும் வரை அப்பதவியில் இருந்தார். நிலம் ஒகையோவில், பதிவேடு கென்டக்கியில், வாரண்ட் வழங்கும் அலுவலகம் வர்ஜீனியாவில், பட்டா வழங்கும் அலுவலகம் நடுவண் அரசின் தலைநகரில் என நான்கு இடங்களில் ஒரே நிலத்தின் ஆவணங்கள் சிதறிக் கிடந்தன. ஓரிடத்தில் நடந்தது மற்றோரிடத்துக்குத் தெரிய மாதங்களும் சில வேளைகளில் ஆண்டுகளும் ஆயின.

பெரும்பாலான சாதாரண வீரர்கள் ஒகையோவைக் கண்ணால் கூடக் காணவில்லை. மலைகளைக் கடந்து சென்று, போர் நடக்கும் காட்டில் 100 ஏக்கரைத் தேடி அளப்பதற்கு வேண்டிய பணம் அவர்களிடம் இல்லை. வாரண்ட் கைமாற்றத்தக்கது என்பதால் கிடைத்த விலைக்கு அதனை விற்றனர். வாங்கியவர்கள் வணிகர்களும் நில அளவர்களுமே. நிலத்தைத் தேடி அளந்து பட்டா பெற்றுத்தரும் துணை நில அளவர் தம் கூலியாக நிலத்தில் நான்கில் ஒரு பங்கு முதல் பாதி வரை எடுத்துக்கொள்வது வழக்கமாயிற்று. சில்லிகாத்தி நகரை 1796 இல் நிறுவிய நத்தானியேல் மாசி இவ்வாறு சுமார் 75,000 ஏக்கருக்கு உரிமையாளரானார். பின்னாளில் ஒகையோவின் ஆளுநரான டங்கன் மெக்கார்தர் முதலில் மாசியிடம் சங்கிலி பிடிப்பவராகத் தொழில் தொடங்கியவர் என்பர். ஆகவே 'படைவீரர் நில வழக்குகள்' என்று இவை அழைக்கப்பட்டாலும், வழக்குமன்றத்தில் நின்றவர்களுள் படைவீரர்கள் மிகச் சிலரே.

அளவை முறை

1785 ஆம் ஆண்டின் நிலச் சட்டத்தின்படி நடுவண் அரசின் ஏனைய நிலங்கள் நேர்கோடுகளால் ஆறு மைல் சதுரங்களாகப் பிரிக்கப்பட்டன. நிலத்தை முதலில் அளந்து, பிறகு விற்பது அம்முறையின் சாரம். இராணுவ மாவட்டத்தில் இது தலைகீழாக நடந்தது. வர்ஜீனியாவின் பழைய வழக்கப்படி வாரண்ட் வைத்திருப்பவர் தமக்கு வேண்டிய நிலத்தை, வேண்டிய வடிவில் தேர்ந்தெடுத்த பிறகே அளவை நடந்தது. ஆற்றங்கரைச் சமவெளிகளை வளைத்துக்கொண்டு மேடுகளையும் சதுப்புகளையும் விட்டுவிடுவது இயல்பாயிற்று.

எல்லைகள் மரங்களாலும் ஓடைகளாலும் குறிக்கப்பட்டன. 'மூன்று ஓக் மரங்கள் நிற்கும் இடத்திலிருந்து வடக்கே இத்தனை கோல் தொலைவு, அங்கிருந்து ஓடையின் வளைவு வரை' என்பது போன்ற விவரணைகளே பதிவேட்டில் இருந்தன. மரம் பட்டுப்போகும், ஓடை திசைமாறும். பழங்குடிகளின் தாக்குதலுக்கு அஞ்சி விரைந்து அளந்தபோது சங்கிலி தளர்வாகப் பிடிக்கப்பட்டது. வேண்டுமென்றே தளர்த்திய நிகழ்வுகளும் உண்டு. 1,000 ஏக்கர் என்று வரைபடம் கூறும் நிலம் உண்மையில் அதனினும் பல நூறு ஏக்கர் மிகுந்திருப்பது அரிதன்று.

இவ்வாறு மிகுந்த நிலத்தின் நிலை என்ன என்பது நீதிமன்றங்கள் எதிர்கொண்ட முதற்கேள்விகளுள் ஒன்று. கென்டக்கியில் இருந்த ஒரு இராணுவ நிலம் பற்றிய டெய்லர் எதிர் பிரவுன் வழக்கில் (1809), அளவு மிகுந்திருப்பது மட்டுமே அளவையைச் செல்லாததாக்காது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அளவை என்பது அரசு அலுவலர் செய்த செயல். அதன் பிழைக்காக நிலத்தை வாங்கியவர் முழு நிலத்தையும் இழக்க வேண்டியதில்லை என்பது கருத்து. நடைமுறையில் இது தாராளமாக அளந்தவர்களுக்குச் சாதகமாகவே முடிந்தது.

இரண்டாவது கேள்வி, இடப்பதிவு எவ்வளவு தெளிவாக இருக்க வேண்டும் என்பதாகும். பின்னால் வருபவர் அப்பதிவைப் படித்து, நியாயமான முயற்சியுடன் நிலத்தைக் கண்டறிந்து, எஞ்சிய நிலத்தைத் தாம் எடுக்கக் கூடியதாக அது இருக்க வேண்டும் என்பது விதி. குறிப்பிடப்படும் ஓடையோ மரமோ அக்காலத்தில் அப்பகுதியில் அப்பெயரால் பலரும் அறிந்ததாக இருத்தல் வேண்டும். இதனால் முப்பது நாற்பது ஆண்டுகளுக்குப் பின் முதிய வேட்டைக்காரர்களையும் சங்கிலி பிடித்தவர்களையும் சாட்சிகளாக அழைத்து, இந்த ஓடைக்கு 1787 இல் என்ன பெயர் என்று விசாரிக்கும் நிலை ஏற்பட்டது.

ஒரே நிலத்தை இருவர் அளந்துகொண்ட குழப்பம் பெருகியதால், 1807 மார்ச் 2 அன்று இயற்றப்பட்ட சட்டத்தில் நாடாளுமன்றம் ஒரு காப்பு வாசகத்தைச் சேர்த்தது. ஏற்கெனவே அளக்கப்பட்ட அல்லது பட்டா வழங்கப்பட்ட நிலத்தில் புதிய இடப்பதிவு செய்யக் கூடாது. செய்து பெற்ற பட்டா செல்லாது. முந்தைய அளவை குறைபாடுடையதாக இருந்தாலும் இக்காப்பு பொருந்துமா? பொருந்தும் என்று ஜாக்சன் எதிர் கிளார்க் வழக்கில் (1828) தலைமை நீதிபதி ஜான் மார்சல் தீர்ப்பளித்தார். குறையற்ற அளவைக்குக் காப்பே தேவையில்லை. சட்டம் காக்க விரும்பியது குறையுள்ளவற்றைத்தான் என்பது அத்தீர்ப்பின் உட்பொருள். அதன் பின்னர், பிறர் ஆவணத்தில் குறை கண்டுபிடித்து அவர் நிலத்தைப் பதிவு செய்துகொள்ளும் தொழில் ஓரளவு தளர்ந்தது.

வாஷிங்டனின் நிலம்

இம்மாவட்டத்தில் நிலத்தை இழந்தவர்களுள் மிகவும் புகழ்பெற்றவர் அமெரிக்காவின் முதல் குடியரசுத் தலைவர் ஜார்ஜ் வாஷிங்டனே. அவர் பிறரிடமிருந்து விலைக்கு வாங்கிய இரண்டு வாரண்டுகளின் பேரில் லிட்டில் மயாமி ஆற்றை ஒட்டி 839, 977, 1,235 ஏக்கர் கொண்ட மூன்று நிலங்கள், மொத்தம் 3,051 ஏக்கர், அளக்கப்பட்டன. அளந்தவர் ஜான் ஓபேனன். 1787 இல் மாவட்டத்தில் அளவைப் பணியைத் தொடங்கிய முன்னோடிகளுள் ஒருவர்.

சிக்கல் உடனே எழுந்தது. கென்டக்கியில் நிலம் போதவில்லை என்று உறுதிப்படுவதற்கு முன் ஒகையோவில் செய்த அளவைகள் செல்லா என்று 1788 ஜூலையில் பழைய நாடாளுமன்றம் தீர்மானித்தது. 1790 ஆகஸ்ட் 10 அன்று புதிய நாடாளுமன்றம் அத்தீர்மானத்தை நீக்கியது; ஆனால் பட்டா இனி நடுவண் அரசிடமிருந்தே பெறப்பட வேண்டும் என்றது. அச்சட்டத்தில் ஒப்பமிட்டவர் வாஷிங்டனே. எனினும் அவருடைய நிலங்களுக்கு அதே ஆண்டு டிசம்பரில் வர்ஜீனியா ஆளுநர் வழங்கிய பட்டா மட்டுமே இருந்தது. ஒப்படைத்துவிட்ட நிலத்துக்குப் பட்டா வழங்க வர்ஜீனியாவுக்கு அதிகாரம் இல்லை. மேலும், பெரிய வாரண்ட் விடுதலைப் போருக்கு முந்தைய பிரெஞ்சு - செவ்விந்தியப் போரின் பணிக்காகத் தரப்பட்டதாகும். இம்மாவட்டமோ விடுதலைப் போர் வீரர்களுக்கு மட்டும் ஒதுக்கப்பட்டது.

1799 இல் எழுதிய உயிலின் சொத்துப் பட்டியலில் வாஷிங்டன் இந்நிலங்களைத் தம்முடையவை என்றே குறித்து, ஏக்கருக்கு 5 டாலர் மதிப்பிட்டார். அவர் இறந்த பின் 1806 இல் வேறொருவர் பெயரில் அதே நிலங்களுக்கு இடப்பதிவு செய்யப்பட்டு நடுவண் பட்டாவும் பெறப்பட்டது. முன்னர் அளக்கப்பட்ட நிலங்களைக் காத்த 1807 ஆம் ஆண்டுச் சட்டம் அவருடைய வாரிசுகளுக்குக் காலம் கடந்து வந்தது. வாரிசுகளின் சார்பில் இழப்பீடு கேட்டு நாடாளுமன்றத்துக்கு அளிக்கப்பட்ட மனுக்கள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம் வரை நீண்டும் பயன் தரவில்லை. இளமையில் தாமே நில அளவராக இருந்தவரும், நில ஆவணங்களில் மிகுந்த கவனம் உடையவருமான ஒருவருக்கே இவ்வாறு நேர்ந்ததெனில், எழுத்தறியாத வீரர் ஒருவரின் நிலையை எளிதில் ஊகிக்கலாம்.

லட்லோ கோடும் ராபர்ட்ஸ் கோடும்

மாவட்டத்தின் மேற்கு எல்லை லிட்டில் மயாமி ஆறு, கிழக்கு எல்லை சயோட்டோ ஆறு. இரு ஆறுகளும் ஒகையோ ஆற்றில் கலக்கும் இடங்கள் தெளிவானவை. ஆனால் லிட்டில் மயாமியின் தலைப்பிலிருந்து சயோட்டோவின் தலைப்பு வரை எல்லை எவ்வாறு செல்லும் என்பதை 1784 ஆம் ஆண்டுப் பத்திரம் கூறவில்லை. அன்று அத்தலைப்புகள் எங்கிருந்தன என்பதை அறிந்தவரும் இல்லை.

1802 இல் இஸ்ரயேல் லட்லோ நடுவண் அரசுக்காக ஒரு கோடு வரைந்தார். லிட்டில் மயாமியின் தலைப்பில் தொடங்கி, சயோட்டோவின் தலைப்பு இருக்குமெனத் தாம் கருதிய திசையில் வடமேற்காகச் சென்று, பழங்குடிகளின் எல்லைக் கோட்டில் நின்றுவிட்டார். சயோட்டோவின் தலைப்பு உண்மையில் அவர் கருதியதைவிட மேற்கே இருந்தது. 1804 இல் நாடாளுமன்றம், வர்ஜீனியா இரண்டு ஆண்டுகளுக்குள் ஏற்றுக்கொண்டால் லட்லோ கோடே எல்லை என்றது. வர்ஜீனியா ஏற்கவில்லை. 1812 இல் இரு தரப்பு ஆணையர்களின் முயற்சியில் சார்லஸ் ராபர்ட்ஸ் இரு தலைப்புகளையும் இணைத்து வேறொரு கோடு வரைந்தார். அது லட்லோ கோட்டுக்கு மேற்கே அமைந்தது. இரண்டுக்கும் இடையே ஆப்பு வடிவில் நல்ல விளைநிலம் ஒன்று சிக்கிக்கொண்டது.

அந்த ஆப்பு நிலத்தை நடுவண் அரசு சதுரங்களாக அளந்து குடியேறிகளுக்கு விற்றுக்கொண்டிருந்தது. வாரண்ட் வைத்திருந்தவர்களோ அது தங்களுக்கு ஒதுக்கப்பட்டது என்று கூறி அங்கேயே இடப்பதிவு செய்தனர். இவ்வாறு ஒரே நிலத்துக்கு, ஒரே அரசிடமிருந்து, இரு வேறு சட்டங்களின்கீழ் உரிமை பெற்ற இருவர் எதிரெதிரே நின்றனர். இருவருமே ஏமாற்றுக்காரர்கள் அல்லர்.

டாட்ரிட்ஜ் எதிர் தாம்சன் வழக்கில் (1824) உச்ச நீதிமன்றம், இரு ஆறுகளுக்கு இடைப்பட்ட நிலம் என்றால் தலைப்பு முதல் முகத்துவாரம் வரை உள்ள முழு நிலமும் என்று பொருள் கொண்டது. 1812 ஆம் ஆண்டுச் சட்டம் லட்லோ கோட்டைத் தற்காலிக எல்லையாக ஏற்றபோதிலும், அதற்கு முன் பெற்ற இராணுவ உரிமைகளை அது அழிக்கவில்லை என்றும் தீர்ப்பளித்தது. ரெனால்ட்ஸ் எதிர் மெக்கார்தர் வழக்கில் (1829) இக்கருத்து மீண்டும் உறுதிபெற்றது. அதில் இராணுவ உரிமையின் பேரில் வழக்காடி வென்றவர் மேலே குறிப்பிட்ட டங்கன் மெக்கார்தர். தோற்றவர், அரசு நில அலுவலகத்தில் பணம் கட்டி வாங்கிய ஒரு குடியேறியின் உரிமையைச் சார்ந்தவர்.

தீர்ப்பு சட்டப்படி சரியாக இருக்கலாம். ஆனால் அரசிடம் முழு விலை கொடுத்து வாங்கி, காடழித்து, வீடு கட்டியவர்களை வெளியேற்றுவது அரசியல் வழியில் தாங்க முடியாததாயிற்று. ஆகவே நாடாளுமன்றம் 1830 இல் இவ்விரு கோடுகளுக்கு இடைப்பட்ட இராணுவ உரிமைகளுக்குப் பணம் கொடுத்து அவற்றைத் தானே மீட்டுக்கொண்டது. குடியேறிகள் தம் நிலத்தில் இருந்தனர். மெக்கார்தர் போன்றோர் பணம் பெற்றனர். 1818 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி கிரீன்வில் கோட்டுக்குத் தெற்கே லட்லோ கோடும் வடக்கே ராபர்ட்ஸ் கோடும் எல்லையாகக் கொள்ளப்பட்டன. ஒரே மாவட்டத்தின் ஒரே பக்கத்தில் இரண்டு கோடுகள் இருப்பது இதனாலேயே.

தவறான வாரண்டும் இறந்தவர் பெயரும்

வர்ஜீனியாப் படைகள் இருவகைப்படும். நாட்டின் பொதுப் படையில் சேர்க்கப்பட்டவை கண்டப் படைப்பிரிவுகள். மாநிலக் காவலுக்கென இருந்தவை மாநிலப் படைப்பிரிவுகள். ஒகையோ நிலம் முதல் வகையினருக்கு மட்டுமே. மாநிலப் படையினர் கென்டக்கியில்தான் நிலம் பெறலாம். அங்கு நிலம் கிடைக்காமற் போனவர்களுக்கு 1830 மே 30 ஆம் நாள் சட்டத்தின் மூலம் வேறிடங்களில் அரசு நிலம் வாங்கப் பயன்படும் நிலச் சீட்டுகள் வழங்கப்பட்டன. ஒரே போரில் போரிட்டவர்களை இவ்வாறு பிரித்தது நியாயமா என்பது அக்காலத்திலேயே கேட்கப்பட்டது.

மாநிலப் படையில் பணியாற்றிய ஓர் அதிகாரிக்கு, அலுவலகத் தவறால் கண்டப் படையினர் என்று எழுதிய வாரண்ட் வழங்கப்பட்டுவிட்டது. அது கைமாறிப் பட்டாவும் பெறப்பட்ட பின், பிறகு வந்த ஒருவர் வாரண்டே தவறு என்று கூறி அதே நிலத்தைக் கோரினார். ஹூஃப்நாகில் எதிர் ஆண்டர்சன் வழக்கில் (1822) நீதிமன்றம் பட்டாவை நிலைநிறுத்தியது. அரசு முத்திரையுடன் வெளிவந்த பட்டாவை, அதன் வேரில் இருந்த தவற்றைக் காட்டி, அந்தப் பட்டாவுக்குப் பின் உரிமை தொடங்கிய ஒருவர் அசைக்க முடியாது என்பது முடிவு.

இறந்தவர்கள் பெயரில் நடந்த பதிவுகள் மற்றொரு வகை. வீரர் இறந்தது தெரியாமலோ தெரிந்தோ, முகவர்கள் அவர் பெயரிலேயே இடப்பதிவு செய்து பட்டாவும் பெற்றனர். பொதுச் சட்டத்தின்படி இறந்தவருக்கு அளிக்கப்படும் நிலக்கொடை செல்லாது. பெறுவதற்கு ஆளில்லாத கொடை கொடையாகாது. இந்த ஒரு விதியால் நூற்றுக்கணக்கான குடும்பங்களின் உரிமை ஆட்டங்கண்டது. கேலோவே எதிர் ஃபின்லே வழக்கு (1838) இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. கேலோவே இத்தகைய நிலத்தை விலைக்கு வாங்க ஒப்பந்தம் செய்தவர். பட்டா இறந்தவர் பெயரில் இருப்பதைப் பின்னர் கண்டுபிடித்து, அதே நிலத்தைத் தம் பெயரில் புதிதாகப் பதிவு செய்துகொண்டார். பிறகு ஒப்பந்தத்தை நீக்கித் தருமாறு நீதிமன்றத்தை அணுகினார். விற்றவரின் உரிமையில் கண்ட குறையை வாங்கியவரே அவருக்கெதிராகப் பயன்படுத்தித் தமக்கு உரிமை தேடிக்கொள்ள முடியாது என்று கூறி நீதிமன்றம் அவர் கோரிக்கையை ஏற்கவில்லை. இதற்கிடையே, இறந்தவர் பெயரில் வழங்கப்பட்ட பட்டா அவருடைய வாரிசுகளையும் உரிமை வாங்கியோரையும் சேரும் என்று 1836 மே 20 அன்று நாடாளுமன்றம் சட்டம் இயற்றியிருந்தது. அச்சட்டம் இல்லையெனில் வழக்குகள் இன்னும் பல பத்தாண்டுகள் நீண்டிருக்கும்.

காலக்கெடு

இடப்பதிவு செய்யவும் அளவையை ஒப்படைக்கவும் நாடாளுமன்றம் காலக்கெடு விதிப்பதும், முடியும் வேளையில் நீட்டிப்பதும் ஒரு வழக்கமாகவே ஆகியது. இறுதியாக 1852 ஜனவரி 1 உடன் அது முடிவுற்றது. அதே ஆண்டு ஆகஸ்ட் 31 ஆம் நாள் சட்டம், மீதமிருந்த வாரண்டுகளுக்கு ஈடாக நிலச் சீட்டு தருவதாகக் கூறியது. டிசம்பரில் வர்ஜீனியா எஞ்சிய நிலத்தின்மீது தனக்கிருந்த உரிமையை முழுமையாக விட்டுக்கொடுத்தது. போர் முடிந்து அப்போது ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் ஆகியிருந்தன. நிலம் வாக்களிக்கப்பட்ட வீரர்களுள் உயிரோடிருந்தவர் மிகச் சிலரே.

பல்கலைக்கழகத்தின் கோரிக்கை

1871 பிப்ரவரி 18 அன்று, மாவட்டத்தில் அளக்கப்படாமலும் விற்கப்படாமலும் கிடந்த துண்டு நிலங்களை ஐக்கிய அமெரிக்கா ஒகையோ மாநிலத்துக்கு வழங்கியது. மாநிலம் 1872 இல் அவற்றைப் புதிதாகத் தொடங்கப்பட்ட வேளாண் கல்லூரிக்கு அளித்தது. 1878 முதல் ஒகையோ மாநிலப் பல்கலைக்கழகம் என அறியப்படுவது அக்கல்லூரியே.

எந்தெந்த நிலம் 'அளக்கப்படாதது' என்பதில் மீண்டும் சிக்கல் எழுந்தது. பலர் நிலத்தை அளந்து, வரி செலுத்தி, இரண்டு தலைமுறைகளாக உழுதுவந்தனர். ஆனால் அளவை வரைபடத்தை நடுவண் நில அலுவலகத்தில் ஒப்படைக்கவே இல்லை. நில அளவர் ஒப்படைத்திருப்பார் என்று அவர்கள் எண்ணியிருந்தனர். ஃபஸ்ஸல் எதிர் கிரெக் வழக்கில் (1885) உச்ச நீதிமன்றம், 1852 ஜனவரி 1 க்கு முன் அளவை ஒப்படைக்கப்படாவிட்டால் இடப்பதிவின் மூலம் இருந்த உரிமை அன்றோடு அற்றுப்போகிறது என்று கூறியது. வீரரின் உரிமைவழி வந்தோருக்கு இது கடுமையான முடிவு. நிலத்தை உழுதுவந்தோரின் இக்கட்டைத் தீர்க்க, அவர்கள் குறைந்த விலையில் பல்கலைக்கழகத்திடமிருந்து உரிமைப் பத்திரம் பெற்றுக்கொள்ள மாநிலச் சட்டங்கள் வழி செய்தன. தம் தாத்தா அளந்த நிலத்துக்கு மீண்டும் விலை கொடுக்க நேர்ந்ததை வேளாண் மக்கள் எளிதில் மறக்கவில்லை.

இன்றைய நிலை

இக்கவுன்ட்டிகளின் கிரயப் பத்திரங்களில் வர்ஜீனியா இராணுவ அளவை எண்கள் இன்றும் குறிக்கப்படுகின்றன. வான்வழிப் படத்தில் சயோட்டோ ஆற்றின் இரு கரைகளும் வேறுபட்டுத் தெரியும். கிழக்கே வயல்களும் சாலைகளும் பெரும்பாலும் நேர்கோடுகளில் அமைந்திருக்க, மேற்கே அவை கோணல் மாணலாக, பழைய மரங்களையும் ஓடைகளையும் பின்பற்றிச் செல்கின்றன. பொருளியலாளர்களான கேரி லிபகாப், டீன் லூயிக் ஆகிய இருவரும் 2011 இல் வெளியிட்ட ஆய்வில், மாவட்டத்துக்கு உள்ளும் அதை ஒட்டி வெளியிலும் உள்ள நிலங்களை ஒப்பிட்டனர். சதுர அளவை நடந்த பகுதியில் நில மதிப்பு கூடுதலாகவும் எல்லை வழக்குகள் குறைவாகவும் இருந்ததாக அவர்கள் கண்டனர்.

1812 ஆம் ஆண்டுப் போரின் வீரர்களுக்கு இலினாய் முதலிய இடங்களில் நிலம் ஒதுக்கியபோது, நடுவண் அரசு முதலில் சதுரங்களாக அளந்து, வீரர் ஒருவருக்கு 160 ஏக்கர் எனக் குலுக்கல் முறையில் வழங்கியது. அங்கு எல்லை வழக்குகள் குறைந்தன. வரி கட்டாத நிலங்களின் ஏல விற்பனை தொடர்பான வழக்குகள் அவற்றின் இடத்தைப் பிடித்துக்கொண்டன.